சுயாதீனப் படத்தில் செட்டும் உடையும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெரிய நிறுவனங்களைச் சாராமல் எடுக்கப்படும் சுயாதீனப் படங்களுக்குக் களமும் உடையும் வடிவமைக்கும் வேலையில் பல வருடங்களாக இருக்கிறேன். பெரும்பாலான படங்களில் இரண்டையும் நானே பார்த்துக்கொள்கிறேன். இந்த வேலைக்கு வர நினைப்பவர்களும் முதல் படம் எடுக்கும் இயக்குநர்களும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். சிலவற்றுக்குப் பதில் நீண்டுவிட்டது. சொல்ல நிறைய இருக்கும் இடத்தில் நான் சுருக்கிக்கொள்ளவில்லை.

ப்ரொடக்‌ஷன் டிசைனர், கலை இயக்குநர், ஆடை வடிவமைப்பாளர்: யார் என்ன செய்கிறார்கள்?

கதை நடக்கும் உலகம் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்று தீர்மானிப்பவர் ப்ரொடக்‌ஷன் டிசைனர். அதை வரைபடமாக்கி, தச்சர், பெயின்டர், எலக்ட்ரீஷியன் எல்லாரையும் வைத்து நிஜமாக எழுப்பித் தருபவர் கலை இயக்குநர். அறைக்குள் நாற்காலி, திரைச்சீலை, விளக்கு என்று நிரப்புபவர் செட் டெக்கரேட்டர். நடிகர் கையில் எடுக்கும் எதுவும் ப்ராப்ஸ் மாஸ்டரின் பொறுப்பு. உடம்பில் ஏறுவதெல்லாம் ஆடை வடிவமைப்பாளருடையது. அந்த உடைகளைத் துவைத்து, தேய்த்து, எந்தக் காட்சிக்கு எது என்று பார்த்து உடுத்திவிடுபவர் காஸ்ட்யூமர். பல இடங்களில் முதல் இரண்டு வேலையும் சேர்ந்தே 'கலை இயக்குநர்' என்ற ஒரே பெயரில் நடக்கின்றன. அதில் தவறில்லை.

'ப்ரொடக்‌ஷன் டிசைன்' என்ற சொல் புழக்கத்துக்கு வந்தது 1939-இல் வெளியான 'கான் வித் த விண்ட்' படத்தில். படத்தின் முழுக் காட்சித் தோற்றத்தையும் வரைந்து கொடுத்த வில்லியம் கேமரன் மென்சிஸுக்குத் தயாரிப்பாளர் அந்தப் பெயரில் டைட்டில் கார்டு கொடுத்தார். ஆஸ்கரில் 'கலை இயக்கம்' என்றிருந்த பிரிவின் பெயரை 2012-இல்தான் 'ப்ரொடக்‌ஷன் டிசைன்' என்று மாற்றினார்கள். ஆடை வடிவமைப்புக்குத் தனி விருது 1948-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து தொடங்கியது. அதற்கு முன்பு இருபது வருடங்களாக விருது கொடுத்துக்கொண்டிருந்தவர்களுக்கு உடை ஒரு தனிக் கலையாகப் படவில்லை என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வருத்தம்தான்.

சுயாதீனப் படத்தில் மேலே சொன்ன ஆறு நாற்காலிகளிலும் இரண்டு மூன்று பேர் மாறி மாறி உட்காருவார்கள்.

ஒரே ஆள் இரண்டையும் செய்வது காசு மிச்சம் பிடிக்கத்தானே?

தயாரிப்பாளர் அப்படி நினைத்துத்தான் கேட்பார். நான் ஒத்துக்கொள்ளும் காரணம் வேறு. ஒரு மனிதர் உடுத்தியிருப்பதும் அவர் வாழும் அறையும் ஒரே கையிருப்பிலிருந்து, ஒரே மனநிலையிலிருந்து வந்தவை. அவற்றை இரண்டு பேர் தனித்தனியாக யோசித்து, படப்பிடிப்பு அன்று காலையில் முதல்முறையாகச் சேர்த்துப் பார்க்கும்போது பொருந்தாமல் போன படங்களில் நான் உதவியாளராக இருந்திருக்கிறேன். அறை ஏழையாக இருக்கும், சட்டை வசதியாக இருக்கும்.

இதற்கு நான் எப்போதும் நினைத்துக்கொள்பவர் வில்லியம் சாங். ஹாங்காங் இயக்குநர் வாங் கார்-வாயின் படங்களுக்குக் களமும் உடையும் அவர்தான். படத்தொகுப்பிலும் அவர் பெயர் வரும். 2000-இல் வந்த 'இன் த மூட் ஃபார் லவ்' படத்தில் நாயகியின் உடைப் பூவையும் பின்னாலிருக்கும் திரைச்சீலையையும் சேர்த்துப் பாருங்கள். இரண்டும் ஒரே மனதில் உதித்தவை. பெரிய படங்களில் கேதரின் மார்ட்டின் இரண்டு துறைகளிலும் ஆஸ்கர் வாங்கியிருக்கிறார், அதுவும் 'மூலன் ரூஜ்', 'த கிரேட் கேட்ஸ்பி' என்று இரண்டு படங்களுக்கு.

இதில் இன்னொரு நன்மையும் உண்டு. கைப்பை, குடை, மூக்குக்கண்ணாடி, கைக்கடிகாரம் எல்லாம் உடையா, ப்ராப்பா? இந்தக் கேள்வியில் இரண்டு துறைகளும் முட்டிக்கொள்ளும், கடைசியில் இரண்டு பேருமே கொண்டுவராமல் விட்டுவிடுவார்கள். ஒருவரே பார்த்தால் அந்தச் சண்டை கிடையாது.

ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். படப்பிடிப்பு நாளில் உடை வேலை உங்களை நடிகர் பக்கத்தில் நிற்கச் சொல்லும். செட் வேலை உங்களை அடுத்த லொகேஷனுக்கு முன்கூட்டியே போகச் சொல்லும். ஒரே நேரத்தில் இரண்டு இடத்தில் நிற்க முடியாது. அதனால் இரண்டு பக்கமும் நம்பிக்கையான ஓர் உதவியாளர் வேண்டும் என்பதை முதல் பேச்சிலேயே கேட்டு வாங்குங்கள். பழைய காலத்துக் கதை, அதிலும் கூட்டக் காட்சிகள் என்றால் நான் இரண்டையும் ஏற்பதில்லை. ஒன்றைத் தேர்ந்தெடுத்துக்கொள்வேன்.

ஸ்கிரிப்ட் கைக்கு வந்ததும் முதலில் என்ன செய்வீர்கள்?

முதல் வாசிப்பில் பென்சிலைத் தொடமாட்டேன். பார்வையாளராக ஒரே ஒரு தடவைதான் வாசிக்க முடியும், அந்தத் தடவையை வீணாக்கக் கூடாது. எங்கே மனசு கனத்தது, எங்கே சலித்தது என்று முடித்த பிறகு இரண்டு வரி எழுதிவைப்பேன்.

இரண்டாவது வாசிப்பில் ஒவ்வொரு பொருளையும் அடிக்கோடிடுவேன். மூன்றாவதில் 'கதை நாள்' பிரிப்பேன். படம் வரிசையாக எடுக்கப்படுவதில்லை. பன்னிரண்டாம் காட்சியும் பதினைந்தாம் காட்சியும் கதையில் ஒரே நாளாக இருக்கும், எடுப்பது மூன்று வார இடைவெளியில். முதல் நாள், இரண்டாம் நாள், ஆறு மாதம் கழித்து என்று கதையின் நாட்களைப் பிரித்து எண் போட்டால்தான் யாருக்கு எத்தனை உடை என்ற கணக்கே வரும். பிறகு பெரிய அட்டவணை: காட்சி எண், கதை நாள், இடம், பகலா இரவா, யார் யார், என்ன உடுத்தியிருக்கிறார்கள், எதைத் தொடுகிறார்கள், எது உடைகிறது அல்லது நனைகிறது.

இதெல்லாம் கணக்குப்பிள்ளை வேலை. உண்மையான வேலை அதற்குப் பிறகுதான். ஓர் உதாரணம். ஸ்கிரிப்டில் ஒரே வரி: 'இரவுப் பணி முடிந்து நர்ஸ் வீட்டுக்குள் வருகிறாள்.' இந்த வரியோடு நான் ஒரு நாள் முழுக்க உட்காருவேன். சாவியை எங்கே வைக்கிறாள்? பையை மாட்ட ஆணி இருக்கிறதா, தரையில் போடுகிறாளா? பன்னிரண்டு மணி நேரம் நின்ற கால். குனிந்து லேஸை அவிழ்க்கும் தெம்பு அவளுக்கு இருக்காது. ஒரு காலால் இன்னொரு காலின் குதிகாலை மிதித்துத்தான் ஷூவைக் கழற்றுவாள். தினமும் அப்படிக் கழற்றினால் ஷூவின் பின்பக்கம் நசுங்கி மடிந்திருக்கும். அப்போது உடம்பு சாயாமலிருக்க ஒரு கை சுவரில் ஊன்றும். தினமும் அதே இடத்தில் ஊன்றும் கை, சுவரில் தோள் உயரத்தில் மங்கலான ஓர் அழுக்குத் தடத்தை விட்டிருக்கும்.

நசுங்கிய ஷூ உடைத் துறையின் வேலை. சுவர்த் தடம் கலைத் துறையின் வேலை. இரண்டும் ஒரே களைப்பிலிருந்து பிறந்தவை. நடிகை உள்ளே வந்து, யாரும் சொல்லித்தராமலே, அந்தத் தடத்தின் மேல் கையை வைப்பதை ஒருமுறை பார்த்தால் இந்த வேலையை விட்டுப் போக மனசு வராது.

நிறங்களை எப்படித் தீர்மானிக்கிறீர்கள்?

எதைச் சேர்ப்பது என்று யோசிப்பதைவிட எதை விலக்குவது என்று முடிவெடுப்பது எனக்குச் சுலபமாக இருக்கிறது. 'இந்தப் படத்தில் சிவப்பு கிடையாது, கடைசி இருபது நிமிடம் வரை' என்று ஒரு முடிவு எடுத்துவிட்டால் வேலை பாதி முடிந்த மாதிரி. அதன்பின் சுவர், மேஜை விரிப்பு, பின்னால் நடந்து போகிறவரின் ஸ்வெட்டர் வரை அந்த விதிக்குக் கட்டுப்பட வேண்டும். சிவப்பு தண்ணீர்க் குழாய், சிவப்பு மூடி போட்ட டப்பா எல்லாம் லொகேஷனில் எங்கேயாவது ஒளிந்திருக்கும். தேடித் தேடி மறைக்க வேண்டும்.

சுவரின் நிறத்தை முடிவு செய்யும்போது முகத்தின் நிறத்தை மறக்காதீர்கள். சுவரும் சருமமும் ஒரே அடர்த்தியில் இருந்தால் முகம் பின்னணியில் கரைந்துவிடும். நடிகரை நிறுத்தி, பின்னால் பெயின்ட் அடித்த அட்டைகளை மாற்றி மாற்றி வைத்து, போன் கேமராவிலாவது பார்த்துவிடுங்கள். கறுப்பு வெள்ளையிலும் ஒருமுறை பாருங்கள். அடர்த்தி சரியா தவறா என்பது அதில் உடனே தெரிந்துவிடும்.

உடை ஏன் எப்போதும் புதுசாகவே தெரிகிறது? பழசாக்குவது எப்படி?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி. சிறிய படங்களைக் காட்டிக்கொடுப்பது பெரும்பாலும் இந்த ஒரு விஷயம்தான். கதை நம்மை உள்ளே இழுக்கும், கடையில் மடித்த மடிப்பு மாறாத சட்டை வெளியே தள்ளும்.

முதலில் துவையுங்கள். ஒருமுறை இல்லை, ஐந்தாறு முறை. கஞ்சி போய், தையல் சுருங்கி, துணி உடம்புக்குப் பழக வேண்டும். முடிந்தால் நடிகரிடமே கொடுத்து ஒரு வாரம் வீட்டில் உடுத்தச் சொல்லுங்கள். அவருடைய முழங்கை மடிப்பை என்னால் இஸ்திரிப் பெட்டியில் கொண்டுவர முடியாது.

அடுத்து தேய்மானம். துணி எங்கே தேயும் என்று யோசியுங்கள்: காலரின் மடிப்பு விளிம்பு, கைமுனை, பாக்கெட் வாய், முழங்கை, முழங்கால், பை மாட்டும் தோள். வலது கைக்காரர் என்றால் வலது கைமுனை அதிகம் தேய்ந்திருக்கும். இந்த இடங்களில் உப்புத்தாளால் மெதுவாகத் தேய்க்க வேண்டும். முரட்டுத் துணிக்குக் கம்பி பிரஷ். கோட்டுப் பாக்கெட் தொங்கிப்போயிருக்க வேண்டுமா? கோட்டை நனைத்து, பாக்கெட்டில் கற்களைப் போட்டு, இரவு முழுக்க ஹேங்கரில் தொங்கவிடுங்கள். காலையில் அந்தப் பாக்கெட் பத்து வருடம் கை நுழைந்த பாக்கெட்டாக இருக்கும்.

பிறகு நிறம். வெயில் மேலிருந்து விழுகிறது, ஆகவே தோள்பட்டை வெளுக்கும், காலருக்கு அடியிலும் பாக்கெட் மூடிக்கு அடியிலும் பழைய நிறம் அப்படியே இருக்கும். இந்த ஒரு விவரத்தைச் செய்துவிட்டால் மற்றதைக் கண் நம்பிவிடும். வெள்ளைத் துணியைத் தேயிலை வடித்த வெந்நீரில் முக்கி எடுப்பது பழைய வழக்கம். வெள்ளை கண்ணைக் கூசாமல் கேமராவுக்கு அடங்கும். புதுசாகவே தெரிய வேண்டிய வெள்ளைச் சட்டையைக்கூட நான் லேசாக முக்கித்தான் அனுப்புவேன்.

அழுக்குக்கு ஒரு காரணம் இருக்க வேண்டும். உடம்பு முழுக்கச் சீராகப் பூசிய அழுக்கு வேஷம் மாதிரித் தெரியும். சுவருக்கும் இதே விதிதான். ஸ்விட்சைச் சுற்றி விரல் தடம், நாற்காலிக்குப் பின்னால் தலை சாய்ந்த எண்ணெய்க் கறை, கழற்றிய படத்தின் இடத்தில் வெளுக்காத ஒரு செவ்வகம். பெயின்டை நன்றாக நீர்த்து, பூசி, ஈரத்துணியால் துடைத்து, மறுபடி பூசி, பல மெல்லிய அடுக்குகளாக ஏற்ற வேண்டும்.

இரண்டு எச்சரிக்கைகள். வாடகை உடையை இப்படிச் செய்யாதீர்கள். ஒரே உடைக்கு நகல்கள் இருந்தால் எல்லாவற்றையும் ஒரே நாளில், பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பழசாக்குங்கள். முதலாவதைச் செய்துவிட்டு ஒரு வாரம் கழித்து இரண்டாவதைச் செய்தால் நிச்சயம் பொருந்தாது.

செட் போடுவதா, நிஜ இடத்தில் எடுப்பதா?

பணம் குறைவென்றால் நிஜ இடம் என்று எல்லாரும் சொல்வார்கள். பல சமயம் சரிதான். நிஜ வீட்டின் தரையும் கதவும் ஜன்னலும் எத்தனை காசு கொடுத்தாலும் செட்டில் வராது. ஆனால் இரண்டரை மீட்டர் அகல அறையில் கேமராவும் ஆறு பேரும் நின்றால் இயக்குநருக்கு ஒரே ஒரு கோணம்தான் மிஞ்சும். செட் என்றால் ஒரு சுவரைக் கழற்றி வைத்துவிட்டுக் கேமராவைப் பின்னுக்கு இழுக்கலாம். ஒரே அறையில் பாதிப் படம் நடக்கிறதென்றால், காலியான கிடங்கில் மூன்று சுவர் எழுப்புவது பல நாள் லொகேஷன் வாடகையைவிட மலிவாக முடிவதுண்டு. கணக்குப் போட்டுப் பார்க்காமல் முடிவெடுக்காதீர்கள்.

சின்னப் பட்ஜெட்டில் செட் போட்டு யாரும் நம்ப முடியாத அளவுக்கு நிஜமாக்கிய கதை ஒன்று உண்டு. சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' 1956-இல் வந்தது. காசியின் முற்றம் வைத்த வீடு கதைக்கு வேண்டும். கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா அந்த முற்றத்தை ஸ்டுடியோவுக்குள் கட்டினார். அப்படிப்பட்ட வீட்டில் வெளிச்சம் நேராக விழாது, மேலே திறந்த வானத்திலிருந்து நிழலே இல்லாமல் பரவி இறங்கும். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா செட்டின் மேல் வெள்ளைத் துணியைக் கட்டி, விளக்குகளை அதில் அடித்துப் பிரதிபலிக்கவைத்தார். கட்டியது ஒருவர், அதை வீடாக்கிய வெளிச்சம் இன்னொருவருடையது. என் உதவியாளர்களுக்கு நான் முதலில் சொல்லும் பாடம் இதுதான்: ஒளிப்பதிவாளரிடம் பேசாமல் ஓர் ஆணிகூட அடிக்காதே.

பட்ஜெட் மிகமிகக் குறைவு. எங்கே செலவழிப்பது?

முகத்துக்குப் பக்கத்தில். காலர், கண்ணாடி, காதில் இருப்பது, தலையணை உறை, நாற்காலி முதுகு. குளோஸ்-அப்பில் இவைதான் திரையை நிரப்பப் போகின்றன. அடுத்து கதை அடிக்கடி திரும்பி வரும் இடம். ஒரே ஒரு காட்சியில் வரும் அலுவலகத்தை நன்றாகத் தேர்ந்தெடுத்து, அப்படியே விட்டுவிடுங்கள்.

காலணியில் சிக்கனம் பிடிப்பதை நான் ஒத்துக்கொள்வதில்லை. ஃபிரேமில் தெரியாவிட்டாலும் நடை மாறுகிறது.

மொத்தத்தில் பத்து சதவீதத்தைத் தொடாமல் ஒதுக்குங்கள். மழை வரும், பூட்டு உடையும், லொகேஷன்காரர் கடைசி நாளில் மனம் மாறுவார். ரத்தம், சேறு, மழைக் காட்சி இருந்தால் அந்த உடைக்குக் குறைந்தது மூன்று பிரதிகள் வேண்டும் என்பதைத் தயாரிப்பாளருக்கு முதல் நாளே எழுதிக் கொடுங்கள். இரண்டாவது டேக் கேட்கும் இயக்குநரிடம் காய்ந்த சட்டை இல்லை என்று சொல்ல நேரும் நிமிடம் மிகவும் கொடுமையானது.

நடிகர் 'இந்த உடை வேண்டாம்' என்றால்?

கேளுங்கள். உங்களைவிட அந்தக் கதாபாத்திரத்துக்குள் அதிக நேரம் இருப்பவர் அவர். பாதி நேரம் அவர் சொல்வது சரியாக இருக்கும். மீதி நேரம் உடைக்குப் பின்னால் வேறு ஒரு கூச்சம் இருக்கும், உடம்பைப் பற்றியது, வயதைப் பற்றியது. அதை எல்லார் முன்னிலையிலும் பேசக் கூடாது. கதவு சாத்திய அறையில், அவசரமில்லாமல், உடையையும் ஒப்பனையையும் போட்டுப் பார்க்கும் லுக் டெஸ்டுக்கு முன்பாகவே பேசிவிட வேண்டும். படப்பிடிப்புத் தளத்தில் இந்தப் பேச்சு வந்தால் தவறு என்னுடையது. நான் அவரை முன்கூட்டியே சந்திக்கவில்லை என்று அர்த்தம்.

ஒலிப்பதிவாளருக்கும் உடைக்கும் என்ன சம்பந்தம்?

நிறைய. நைலான், மொறுமொறுப்பான செயற்கைத் துணி எல்லாம் காலர் மைக்கில் காற்று மாதிரி உரசும். வளையல் குலுங்கும். மரத்தரையில் குதிகால் சத்தம் வசனத்தை விழுங்கும். ஷூவின் அடியில் ஃபெல்ட் துணி ஒட்டிவிட்டால் தீர்ந்தது. மைக் எங்கே ஒளியும் என்று உடை தைக்கும்போதே யோசியுங்கள். செட்டிலும் அப்படித்தான். ஓடும் ஃப்ரிட்ஜை அணைக்க ஸ்விட்ச் கைக்கெட்டும் இடத்தில் இருக்க வேண்டும். இன்னொன்று: மிக நெருக்கமான கோடு போட்ட துணி டிஜிட்டல் கேமராவில் அலை அலையாக நெளியும். வாங்குவதற்கு முன் அதே கேமராவில் சோதித்துப் பாருங்கள்.

கன்டினியூட்டிக்குத்தான் (முன்பு எடுத்த காட்சியோடு எல்லாம் பொருந்தவைப்பதற்கு) உதவி இயக்குநர் இருக்கிறாரே, நாமும் பார்க்க வேண்டுமா?

வேண்டும். ஒரு படத்தில் கதாநாயகனின் இடது கையில் கட்டு. கதைப்படி ஒரே நாள். எடுத்ததோ பத்தொன்பது நாள் இடைவெளியில். நான் முன்பக்கத்தைப் படம் எடுத்து வைத்திருந்தேன், உள்ளங்கைப் பக்கத்தை எடுக்கவில்லை. இரண்டாவது முறை கட்டும்போது துணி கட்டைவிரலைச் சுற்றிப் போனதா, விட்டுப் போனதா என்று யாருக்கும் நிச்சயமில்லை. ஊகித்துக் கட்டினோம், ஊகம் தவறு. எடிட்டிங்கில் அந்த நடிகரின் மிகச் சிறந்த ஒரு குளோஸ்-அப்பை வெட்ட வேண்டியதாயிற்று. அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. எனக்குத்தான் அந்தப் படத்தை இன்றும் நிம்மதியாகப் பார்க்க முடிவதில்லை.

அதிலிருந்து ஒவ்வொரு காட்சி முடிவிலும் முன், பின், இரு பக்கம், இரண்டு கைகள் இரு புறமும், பாதம் என்று எடுத்துவிடுவேன். அறைக்கு நான்கு மூலைகளும், மேஜையின் மேற்பரப்பும், கடிகார முள்ளும். காட்சி எண்ணும் கதை நாளும் எழுதிய துண்டுச் சீட்டு ஒவ்வொரு படத்திலும் இருக்கும். அன்றிரவே இரண்டு இடங்களில் சேமித்த பிறகுதான் தூக்கம்.

இதைப் படித்துத்தான் வர வேண்டுமா? வரையத் தெரியாவிட்டால்?

திரைப்படக் கல்லூரி, கட்டடக்கலை, ஃபேஷன், ஓவியம், நாடக மேடை என்று எல்லா வாசல்களிலிருந்தும் ஆட்கள் வருகிறார்கள். ஆடை வடிவமைப்பாளர் பானு அத்தையா ஓவியம் படித்தவர். 'காந்தி' படத்துக்காக ஜான் மோல்லோவுடன் பகிர்ந்துகொண்ட ஆஸ்கர் மூலம், அந்த விருதைப் பெற்ற முதல் இந்தியர் ஆனார்.

வரைவது என்றால் அழகாக வரைவது என்று பயந்துகொள்ள வேண்டாம். தச்சருக்குப் புரிகிற மாதிரி அளவோடு ஒரு தரைப்படம் போடத் தெரிய வேண்டும். 1:50 அளவில் ஓர் அறையை வரையப் பழகுங்கள். ஸ்கெட்ச்அப் மாதிரி ஒரு மென்பொருள் தெரிந்தால் போதும். நாலடிக்கு எட்டடி என்பது பிளைவுட்டின் வழக்கமான அளவு, சுவரின் அளவையும் அதை ஒட்டியே யோசித்தால் மரம் வீணாகாது. உடைப் பக்கத்தில் கொஞ்சமாவது தைக்கத் தெரிந்திருங்கள். பட்டன் தைக்கவும், விளிம்பு மடிக்கவும், துணியைத் தொட்டுப் பார்த்துப் பருத்தியா கலப்பா என்று சொல்லவும் தெரியாமல் இந்த வேலையில் மரியாதை கிடைக்காது.

முதல் வேலைக்குக் குறும்படம் நல்ல வாசல். அதைவிட நல்லது, ஓர் அனுபவசாலியிடம் ஒரு முழுநீளப் படத்தில் உதவியாளராகச் சேருவது. குறும்படத்தில் ரசனை வளரும். முழுநீளப் படத்தில்தான் நாற்பதாவது நாள் காலையிலும் பொருட்களை எண்ணி எடுத்து வைக்கும் பழக்கம் வரும்.

போர்ட்ஃபோலியோவில் என்ன இருக்க வேண்டும்?

அழகான ஸ்டில்கள் மட்டும் இருந்தால் அவை ஒளிப்பதிவாளரின் போர்ட்ஃபோலியோ. நீங்கள் வருவதற்கு முன் அந்த அறை எப்படி இருந்தது, பிறகு எப்படி ஆனது என்று இரண்டையும் பக்கத்தில் வையுங்கள். தரைப்படம், துணித் துண்டுகள், பழசாக்கிய சட்டையின் படிப்படியான படங்கள், ஃபிரேமில் அது கடைசியில் எப்படி வந்தது என்பது. நான்கைந்து படங்கள் போதும், ஒவ்வொன்றிலும் உங்கள் பங்கு என்ன என்று ஒரு வரியில் நேர்மையாக எழுதுங்கள். உதவியாளராக இருந்தால் உதவியாளர் என்றே போடுங்கள். இந்த உலகம் சிறியது. திரைப்படம் வெளிவருவதற்கு முன் அதன் எந்த ஸ்டில்லையும் அனுமதி இல்லாமல் காட்டாதீர்கள்.

இப்போது செயற்கை நுண்ணறிவில் செய்த படங்களை நிறையப் பேர் கொண்டுவருகிறார்கள். இயக்குநரிடம் ஒரு மனநிலையைப் பேச அவை உதவலாம். ஆனால் அந்த அறையின் நாற்காலி எங்கே கிடைக்கும், அந்தச் சட்டை எந்தத் துணி என்று கேட்டால் பதில் இருக்காது. உங்களைத் தேடி வருகிறவர்கள் அந்தப் பதிலுக்குத்தான் வருகிறார்கள்.

சம்பளம், ஒப்பந்தம் பற்றி எப்படிப் பேசுவது?

வெட்கப்படாமல், எழுத்தில், வேலையைத் தொடங்கும் முன். தயாரிப்பாளர்கள் படப்பிடிப்பு நாட்களை மட்டும் எண்ணுவார்கள். உங்கள் வேலை அதற்குப் பல வாரம் முன்பே தொடங்கி, எல்லாரும் போன பிறகும் தொடரும். முன்தயாரிப்பு நாள், படப்பிடிப்பு நாள், முடித்துக் கொடுக்கும் நாள் மூன்றையும் தனித்தனியாக எழுதுங்கள். மூன்று தவணையாகக் கேளுங்கள்: கையெழுத்தில் ஒன்று, முதல் நாள் படப்பிடிப்புக்கு முன் ஒன்று, பொருட்களைத் திருப்பிக் கொடுத்ததும் ஒன்று. இரண்டு வேலை பார்த்தால் இரண்டு டைட்டில் கார்டு, அதில் என்ன வார்த்தை வரும் என்பதையும் எழுதிவிடுங்கள். உங்கள் சொந்தக் கருவிகளைப் பயன்படுத்தினால் அதற்கு வாடகை. வாடகைப் பொருள் உடைந்தால் யார் பொறுப்பு என்பது. படங்களை உங்கள் போர்ட்ஃபோலியோவில் வைத்துக்கொள்ளும் உரிமை.

சொந்தப் பணத்தைப் போடவே போடாதீர்கள். ஆரம்ப நாட்களில் ஒரு நிறுவனத்துக்காக என் கையிலிருந்து துணியும் மரமும் வாங்கினேன். ரசீதுகளைக் கொடுத்துவிட்டுப் பதினொரு மாதம் காத்திருந்தேன். அந்த வருடம் எப்படிப் போனது என்று எனக்குத்தான் தெரியும். இப்போது முன்பணம் வந்த பிறகுதான் கடைக்குப் போகிறேன்.

சம்பளமே இல்லாமல் செய்யச் சொல்கிறார்கள். செய்யலாமா?

கதை உங்களைத் தூங்கவிடவில்லை என்றால், இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் அப்படியே சம்பளமில்லாமல் செய்கிறார்கள் என்றால், ஒரு தடவை செய்யுங்கள். கேமரா வாடகைக்குப் பணம் இருக்கிறது, கலைத் துறைக்கு மட்டும் இல்லை என்றால் வேண்டாம். எப்படிச் செய்தாலும் பொருட்செலவு அவர்களுடையது. உங்கள் உதவியாளர்களை மட்டும் இலவசமாகக் கூட்டிக்கொண்டு போகாதீர்கள். உங்கள் ஆசைக்கு அவர்கள் ஏன் விலை கொடுக்க வேண்டும்?

பாதுகாப்பு பற்றி யாரும் பேசுவதே இல்லையே?

பேச வேண்டும். பழைய கட்டடச் சுவரைச் சுரண்டும் முன் யோசியுங்கள், பழைய பெயின்டில் ஈயம் இருக்கலாம், கூரைத் தகட்டில் ஆஸ்பெஸ்டாஸ் இருக்கலாம். சாயப்பொடியும் தூசுப்பொடியும் நுரையீரலுக்கு ஆகாது, மாஸ்க் இல்லாமல் தூவாதீர்கள், நடிகர் முகத்துக்கு அருகில் தூவவே கூடாது. விளக்குக்குப் பக்கத்தில் தொங்கும் திரைச்சீலைக்குத் தீத்தடுப்பு மருந்து தெளிக்க வேண்டும். கழற்றும் சுவருக்குப் பின்னால் முட்டுக் கொடுத்து எடை வைத்தீர்களா என்பதை ஒவ்வொரு நாளும் நீங்களே போய்த் தொட்டுப் பாருங்கள். தூங்காத தச்சரிடம் ரம்பத்தைக் கொடுக்காதீர்கள்.

படப்பிடிப்பு முடிந்ததும் வேலை முடிந்துவிடுமா?

இல்லை. முக்கியக் கதாபாத்திரங்களின் உடையையும் கைப்பொருட்களையும் எடிட்டிங் உறுதியாகும் வரை யாருக்கும் கொடுக்காதீர்கள். நாலு மாதம் கழித்து ஒரு ஷாட் எடுக்க வேண்டும் என்று போன் வரும், நிச்சயம் வரும். கதை நாள் வாரியாகப் பெட்டியில் போட்டு, துவைக்காமல், காய்ந்த சேறு காய்ந்தபடியே, காகிதத்தில் சுற்றி வைப்பேன். வாடகைப் பொருட்களை மட்டும் பட்டியலோடு உடனே திருப்பிவிட வேண்டும்.

வரைபடங்களையும் துணித் துண்டுகளையும் குறிப்பேட்டையும் பத்திரப்படுத்துங்கள். செட் உடைந்துவிடும், உடை கைமாறிவிடும், காகிதம்தான் மிஞ்சும். பானு அத்தையா தன் ஆஸ்கர் சிலையையே பாதுகாப்பாக இருக்கட்டும் என்று 2012-இல் ஆஸ்கர் வழங்கும் அகாதமியிடம் திருப்பி ஒப்படைத்தார். எனக்கு அந்தச் செய்தி மனதில் தங்கிவிட்டது. நம் வேலையை யாராவது பத்திரமாக வைத்திருப்பார்கள் என்ற நிச்சயம் நமக்குக் கிடையாது.

லொகேஷன் வீட்டை எப்படி வாங்கினீர்களோ அப்படியே கொடுக்க வேண்டும். முதல் நாள் எடுத்த படங்களைக் கையில் வைத்துக்கொண்டு அறை அறையாகப் போவேன். நாங்கள் பூசிய அழுக்குத் தடத்தைத் துடைத்து, சுவருக்குப் பழைய நிறத்தை அடித்து, நாங்கள் அடித்த ஆணிகளின் துளைகளை அடைத்து, வீட்டுக்காரரை அழைத்துக் காட்டுவேன். சாவியைக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாக அவரிடம் ஒரு கையெழுத்து வாங்கிய பிறகுதான் வண்டியில் ஏறுவேன்.